கரண்ட் போனால் ஆறு கடக்கலாம்

மில்லுக்காரி முதலில் பல்பைப் பார்த்தாள். அது எரியவில்லை. பின்வாசல் வழியாக ஆற்றைப் பார்த்தாள். அதில் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. தன் கண்ணில்தான் கோளாறு என்று நினைத்து, இமையில் படிந்திருந்த மாவை முந்தானையால் துடைத்துவிட்டு மறுபடி பல்பைப் பார்த்தாள்.

பல்பு எரியாத நேரத்தில் ஆற்றில் தண்ணீர் வராது. அந்த ஊரில் தூங்குகிறவனை எழுப்பிக் கேட்டாலும் அப்படித்தான் சொல்வான். அவள் மோட்டார் சுவிட்சைத் தட்டினாள். மேலே, கீழே, மறுபடி மேலே. மோட்டார் மூச்சுக்கூட விடவில்லை. எதிர் டீக்கடையில் மின்விசிறி நின்றுபோய், கடைக்காரர் அட்டையால் விசிறிக்கொண்டிருந்தார். கரண்ட் இல்லைதான், சந்தேகமே இல்லை. ஆனால் சற்று முன் பாறை இடுக்குகளில் நுரையாக எட்டிப் பார்த்த தண்ணீர், இப்போது மேல்பக்கத்துப் பாறைகளையே காணாமல் அடித்துக்கொண்டிருந்தது.

ஆற்றுக்கு நடுவில் ஆட்கள் இருந்தார்கள். தலையில் சோள மூட்டையோடு அக்கரையிலிருந்து வரிசையாக வந்துகொண்டிருந்த பெண்கள். வரிசையின் கடைசியில், முழங்கால் வலியோடு மெதுவாக நடந்து வந்தவள் அவளுடைய அக்கா. அவர்களைக் கிளம்பி வரச் சொன்னவள் இவளேதான்.

புதிதாகக் கேட்கிறவர்களுக்கு இதெல்லாம் கிறுக்குத்தனமாகப் படும். ஆனால் அந்த ஊர்க்காரர்களுக்கு இது மூச்சு விடுகிற மாதிரி பழகிப்போன விஷயம். ஊருக்கு மேலே, ஆட்டோவில் போனால் ஒரு வெற்றிலை மென்று முடிப்பதற்குள் போய்விடக்கூடிய தூரத்தில், பெரிய அணை இருக்கிறது. அணைக்குள் மெஷின் ஓடினால்தான் தண்ணீர் அந்த மெஷினைச் சுற்றிவிட்டு ஆற்றுக்கு வரும். மெஷின் நின்றால் ஆறு வெறும் பாறை. கரண்ட் இருக்கும்போது தண்ணீர் எப்போது வரும் என்று சொல்லவே முடியாது. அது அணைக்காரர்களுக்கே வெளிச்சம். விடுவதற்குச் சற்று முன் சைரன் ஊதும், ஆனால் மூட்டையோடு நடு ஆற்றில் இருப்பவர்களுக்கு அது போதாது. கரண்ட் போய்விட்டால் மெஷின் நின்றுவிட்டது என்று அர்த்தம். அப்போது கைக்குழந்தையைக்கூட ஆற்றில் விட்டுவிட்டு வரலாம் என்பார்கள்.

அக்கரையில் இருப்பவர்கள் அணைக்காக ஊரை விட்டுக் கொடுத்தவர்கள். அவர்களுடைய பழைய ஊர் அணைத் தண்ணீருக்கு அடியில் கிடக்கிறது. அதற்குப் பதிலாகக் கல்லும் முள்ளுமாக நிலம் கொடுத்தார்கள், வீடும் கட்டிக் கொடுத்தார்கள், கரண்ட் கம்பம் மட்டும் அடுத்த வருஷம் என்றார்கள். அந்த அடுத்த வருஷம் இன்னும் வரவில்லை. விளக்கின் காலடியில்தான் இருட்டு என்பது அவர்கள் விஷயத்தில் பழமொழி அல்ல, முகவரி. கரண்ட் இல்லாததால் அங்கே மாவு மில்லும் இல்லை. பாலமோ ஆற்றுக்குக் கீழே வெகு தொலைவில். அணைக்கு மேலே நல்ல ரோடு உண்டு, ஆனால் அதில் பொதுமக்களை விடுவதில்லை.

ஆகவே ஒரு வழக்கம் உண்டாயிற்று. இக்கரையில் கரண்ட் போனதும் மில்லுக்காரி அக்காவுக்குப் போன் போடுவாள். அக்கா மற்றப் பெண்களைக் கூப்பிடுவாள். எல்லோரும் மூட்டையோடு ஆற்றில் இறங்கி இக்கரை வந்து மில் வாசலில் உட்காருவார்கள். கரண்ட் வந்ததும் அரைப்பார்கள். பிறகு அடுத்த தடவை கரண்ட் போகும்வரை அங்கேயே உட்கார்ந்து ஊர்க்கதை பேசிவிட்டுத் திரும்புவார்கள். அரைக்க வேண்டுமானால் கரண்ட் வர வேண்டும், வந்து சேர வேண்டுமானால் கரண்ட் போக வேண்டும். இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தே அந்தப் பெண்கள் பாதிப் பொழுதைப் போக்கினார்கள்.

மில்லுக்காரியும் அந்த முழுகிப்போன ஊரில் பிறந்தவள்தான். சின்ன வயதில் திருகைக்கல்லைச் சுற்றிச் சுற்றி அவள் உள்ளங்கை காய்த்துப்போயிருந்தது. அக்கரைக்குக் குடிபோன கையோடு, இக்கரையில் ஆட்டோ ஓட்டுகிறவருக்கு அவளைக் கட்டிக் கொடுத்தார்கள். ஏழாம் மாதத்திலேயே பெண் பிறந்தது. ஒரு கைக்குள் அடங்கும் குழந்தை, அழக்கூடத் தெம்பில்லை. ஆஸ்பத்திரியில் ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்து, கரண்டில் சூடு காட்டிப் பிழைக்க வைத்தார்கள். அணை வந்து, கம்பி வந்து, அதற்கப்புறம் வந்த பெட்டி அது. அன்றிலிருந்து மில்லுக்காரி அணையின் கட்சி. மோட்டார் வாங்கி மில் போட்டாள், பெண்ணை நர்ஸ் படிப்புக்கு வெளியூர் அனுப்பினாள். அணையை யாராவது குறை சொன்னால், தன் பிள்ளையைத் திட்டியதுபோல் சண்டைக்குப் போவாள்.

அக்கா எதிர்க்கட்சி. ஊரில் அவளுக்கு 'ஆடிட்டர்' என்று பெயர், ஏனென்றால் அவள் எதையும் நம்பமாட்டாள். தராசை நம்பமாட்டாள், மூட்டையை இரண்டு தரம் நிறுக்கச் சொல்வாள். டாக்டர் கொடுத்த மாத்திரையை மருந்துக்கடையில் காட்டி, மருந்துக்கடைக்காரர் சொன்னதை இன்னொரு மருந்துக்கடையில் போய் விசாரிப்பாள். பஸ்ஸின் பெயர்ப்பலகையைப் படித்துவிட்டு, டிரைவரிடம் கேட்டுவிட்டு, ஏறி உட்கார்ந்தபின் பக்கத்தில் இருப்பவரையும் கேட்பாள். சும்மா வந்த குணம் இல்லை அது. அணையில் தண்ணீர் தேக்கத் தொடங்கியபோது, பள்ளிக்கூடப் படி வரைக்கும்தான் ஏறும் என்று ஓர் அதிகாரி சத்தியம் பண்ணாத குறையாகச் சொன்னார். அதை நம்பி அக்கா வீட்டுச் சாமான் அத்தனையையும் பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய் அடுக்கினாள். தண்ணீர் பள்ளிக்கூடத்தின் ஓட்டுக்கு மேலே ஏறிப் போனது. அன்றோடு மனிதர் வாக்குக்கும் அவளுக்கும் இருந்த உறவு அறுந்தது.

மில்லில் இரண்டு பேரும் சேர்ந்தால் கேட்கிறவர்களுக்குக் கொண்டாட்டம்.

"உன் அணை எனக்கு என்னடி குடுத்துச்சு? ஒரு கம்பமாவது நட்டுச்சா?" என்பாள் அக்கா.

"வெள்ளம் வரலையே அக்கா. முன்ன மாதிரி மழைக்கு மழை இந்த ஊரு கூரையைத் தூக்கிக்கிட்டா ஓடுது?"

"எப்படி வரும்? அந்த வெள்ளத்தையெல்லாம்தான் என் வீட்டு மேல கட்டி வெச்சிருக்காங்களே."

இதைக் கேட்டால் தங்கை மாவைக் கொஞ்சம் கூடுதலாகவே அள்ளிப் பையில் போட்டு, அக்காவின் போனைச் சார்ஜிலிருந்து எடுத்துக் கையில் கொடுப்பாள். அக்காவின் போனுக்குச் சோறு தங்கையின் மில்லில்தான்.

அன்றைக்கு மத்தியானம் மோட்டார் திடீரென்று முனகி நின்றது. மில்லுக்காரி வழக்கம்போலப் போன் போட்டாள்.

"அக்கா, போயிடுச்சு. கெளம்பு."

"இன்னைக்குமா? உன் வீட்டுல மட்டும் போயிருக்கப்போவுது. தெருவுல பாத்தியா?"

"டீக்கடையிலயும் இல்ல. தெரு பூரா இல்ல."

"சோளம் கொஞ்சம் ஈரமா இருக்கு, நாளைக்குக் காய வெச்சு எடுத்துக்கிட்டு வரட்டுமா?"

"நாளைக்குக் கரண்ட் போகுமோ போகாதோ. இன்னைக்கே வந்துடு. இங்க பரப்பி வெச்சா காஞ்சுடும்."

வைத்துவிட்டு அவள் சல்லடையைத் தட்டினாள், தரையைக் கூட்டினாள், ஈரச்சோளம் பரப்ப ஒரு சாக்கை விரித்தாள். அப்புறம்தான் அக்கா வருகிறாளா பார்ப்போம் என்று பின்வாசலுக்கு வந்தாள்.

தண்ணீரைக் கண்டதும் அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. கத்தினாளா இல்லையா என்பதுகூட அவளுக்குப் பிறகு நினைவில்லை. வரிசை சிதறுவது தெரிந்தது. மூட்டைகள் விழுந்தன. நடு ஆற்றில் முதுகு காட்டி நிற்கும் பெரிய பாறை அக்கரைப் பக்கத்தை மறைத்தது. பெண்கள் அதற்கு அந்தப் பக்கமாகத் திரும்பி ஓடி மறைந்தார்கள். எல்லோருமா, சிலரா, தெரியவில்லை. அக்காவுக்குப் போன் போட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. இரண்டாம் முறை போட்டபோது, தொடர்பு கொள்ள முடியவில்லை என்று ஒரு பெண் குரல் பணிவாகச் சொன்னது.

தெருமுனையில் சவாரிக்கு நின்றிருந்த புருஷனிடம் ஓடினாள். "அணைக்கு விடுங்க. தண்ணியை நிறுத்தச் சொல்லணும். அக்கா உள்ள இருக்கா."

"கரண்ட்தான் இல்லையே, எப்படித் தண்ணி?" என்றார் அவர். அவருக்கும் அதுதான் முதலில் வாயில் வந்தது. அவள் முகத்தைப் பார்த்துவிட்டு வண்டியைக் கிளப்பினார்.

அணையின் வாசலில் காவலாளி மறித்தார். அவர் வீட்டு மாவும் இவள் மில்லில் அரைத்ததுதான். "அக்கா, மேல யாரையும் விடக்கூடாதுன்னு ஆர்டர்" என்று ஆரம்பித்தவர், விஷயத்தைக் கேட்டதும் வெளிறிப்போனார். கேட்டைத் தானே இழுத்துத் திறந்துவிட்டு முன்னால் ஓடினார்.

உள்ளே நுழைந்தவள் வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். அந்தக் கட்டடம் முழுக்க விளக்கு எரிந்தது. ஏசி குளிர்ந்தது. தரை காலுக்கடியில் அதிர்ந்துகொண்டிருந்தது. கீழே மெஷின்கள் ஓடுகின்றன என்பது மில் நடத்துகிறவளுக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஊர் முழுக்கக் கரண்ட் இல்லாதபோது, கரண்ட் பிறக்கிற இடத்தில் மட்டும் கல்யாண வீடுபோல் வெளிச்சம்.

"இங்க கரண்ட் இருக்கு" என்றாள், யாரிடம் என்று இல்லாமல்.

பொத்தான்களும் திரைகளும் நிறைந்த நீள மேசையின் முன்னால், அவள் பெண்ணைவிட வயதில் சற்றுப் பெரியவளான ஓர் இன்ஜினியரம்மா இருந்தாள். ஒரு காதில் போன். காவலாளி சொன்னதைக் கேட்டதும் எழுந்தேவிட்டாள். "ஆத்துல ஆளா? நாங்க சைரன் ஊதிட்டுத்தானே தண்ணி விட்டோம்."

"எங்கம்மா ஊதுச்சு? எங்க மில்லுக்குப் பக்கத்துலதான் சைரன் கம்பம். ஒரு சத்தம் கேக்கல."

இன்ஜினியரம்மா மேசையில் ஒரு பச்சை விளக்கைக் காட்டினாள். சைரனுக்கு உத்தரவு போயிருந்தது. இங்கிருந்து போனது அங்கே போய்ச் சேர்ந்ததா என்று அந்த விளக்குக்குத் தெரியாது. "அந்த சைரன் எந்த லைன்ல ஓடுது?" என்று அவள் தனக்குள் கேட்டுக்கொண்டாள். பதில் அவளுக்கே தெரிந்திருந்தது. "உங்க ஊரு லைன்ல. பேட்டரி ஒண்ணு இருந்துச்சு. கெட்டுப்போச்சு, மாத்தணும்னு சொல்லியிருந்தோம்."

"கரண்ட் இல்லாதப்ப எப்படிம்மா தண்ணி விட்டீங்க? கரண்ட் போனா மெஷின் நின்னுடும்ல?"

அந்தப் பெண் அவளைப் புரியாமல் பார்த்தாள். பிறகு புரிந்து, வாயைக் கையால் பொத்திக்கொண்டாள். "உங்க ஊருக்கு இங்கேருந்து கரண்ட் வரலைங்க. ஆரம்பத்துல வந்துச்சு. லைனை மாத்திச் சில வருஷம் ஆச்சு. உங்களுக்கு வேற ஒரு நிலையத்துலேருந்து வருது. இங்க எடுக்குறதெல்லாம் பெரிய டவர் வழியா நகரத்துக்குப் போகுது. மத்தியானம் அந்த நிலையம் திடீர்னு நின்னுபோச்சு, அதான் உங்க ஊருல கரண்ட் போச்சு. நகரத்துலயும் பாதி இருட்டு. அதை ஈடுகட்டத்தான் எங்க மெஷின் எல்லாத்தையும் ஒரேடியா ஓட்டச் சொன்னாங்க."

மில்லுக்காரியின் தலையில் இது மெதுவாகத்தான் இறங்கியது. கரண்ட் போனால் தண்ணீர் வராது என்றுதானே இத்தனை வருஷம் போன் போட்டாள். கரண்ட் போனதால்தான் தண்ணீர் வந்திருக்கிறது. லைன் மாறியதை ஊரில் ஒருவரும் வந்து சொல்லவில்லை. பல்பு எப்போதும்போல எரிந்தது, யாருக்குத் தெரியும். கரண்ட் போகும் மத்தியான நேரத்தில் மெஷின்கள் சாதாரணமாக ஓய்ந்திருந்ததால் மட்டுமே இவ்வளவு நாளும் எல்லோரும் பிழைத்துக் கிடந்தார்கள். ஒவ்வொரு தடவை 'போயிடுச்சு, கெளம்பு' என்று சொன்னபோதும் அக்காவை எங்கே இறக்கிவிட்டிருக்கிறாள் என்பதை நினைத்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"நிறுத்துங்க" என்றார் அவள் புருஷன். "மொதல்ல தண்ணியை நிறுத்துங்கம்மா."

இன்ஜினியரம்மா போனில் நகரத்தோடு பேசினாள். ஆற்றில் ஆட்கள், மெஷினை நிறுத்துகிறேன் என்றாள். அந்தப் பக்கத்துக் குரல் அறை முழுக்கக் கேட்டது. "இப்ப நிறுத்தினா மீதி நகரமும் போயிடும். ஆஸ்பத்திரியில ஜெனரேட்டர் இழுக்க மாட்டேங்குது. பச்சைக்குழந்தை வார்டு இருக்கு. கொஞ்ச நேரம் பொறுக்க முடியாதா?"

பச்சைக்குழந்தை வார்டு என்றதும் மில்லுக்காரி தலையை நிமிர்த்தினாள். அங்கே எத்தனை கண்ணாடிப் பெட்டிகளோ, எத்தனை தாய்மார் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு நிற்கிறார்களோ. அவளும் அப்படி நின்றவள்தான். அப்போது எந்த ஆற்றில் யார் இறங்கியிருந்தார்கள் என்று அவள் ஒரு நாளும் கேட்டதில்லை. கேட்க வேண்டும் என்றுகூடத் தோன்றியதில்லை. இன்ஜினியரம்மா போனைக் கையால் மூடிக்கொண்டு அவளைப் பார்த்தாள். முடிவு சொல்ல வேண்டியவள் இவள் இல்லைதான், ஆனாலும் பார்த்தாள்.

"நிறுத்துங்கம்மா" என்றாள் மில்லுக்காரி. அந்த வார்த்தை தன் வாயிலிருந்து வந்ததை அவளாலேயே நம்ப முடியவில்லை.

இன்ஜினியரம்மா நிறுத்தினாள். தரையின் அதிர்வு கொஞ்சம் கொஞ்சமாக அடங்கியது. போனில் அந்தப் பக்கத்துக் குரல் கத்திக்கொண்டே இருக்க, அதை மேசையில் கவிழ்த்து வைத்துவிட்டு, "ஜீப்பை எடுத்து இவங்களை அக்கரைக்குக் கூட்டிட்டுப் போங்க" என்று காவலாளியிடம் சொன்னாள்.

அணையின் மேல் அந்த ரோட்டில் மில்லுக்காரி போவது அதுதான் முதல் தடவை. ஒரு பக்கம் தண்ணீர் கண்ணுக்கெட்டிய வரை அசையாமல் நின்றது. அதற்கு அடியில் எங்கோ அவர்கள் வீடு, பள்ளிக்கூடம், அக்காவின் சாமான்கள். இன்னொரு பக்கம் பள்ளத்தில் பாறைகள் ஒவ்வொன்றாக மறுபடி தலை தூக்கிக்கொண்டிருந்தன. இவ்வளவு சீக்கிரம் கடந்துவிடக்கூடிய தூரமா இது, என்று அவள் புருஷன் முணுமுணுத்தார். அக்கா பாறையில் ஏறி நின்றிருப்பாள் என்று அவள் நினைத்துக்கொண்டாள். ஆடிட்டர் ஆயிற்றே, சத்தம் கேட்ட உடனே சந்தேகப்பட்டு எல்லோருக்கும் முன்னால் ஓடியிருப்பாள். அவளைப்போய் ஏமாற்ற முடியுமா, ஆறாக இருந்தாலும்.

அக்கரையில் பெண்கள் நனைந்த துணியோடு கூட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். யாரும் அழவில்லை. அழுவது எப்படி என்று மறந்துபோனவர்கள்போல் தண்ணீர் வடிந்த ஆற்றையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். மில்லுக்காரி ஜீப் நிற்பதற்குள் குதித்து இறங்கி ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். அக்கா இல்லை. கூட்டம் தானாக விலகியது. கொஞ்சம் தள்ளி, மணலில், சாக்கை விரித்துப் படுக்க வைத்திருந்தார்கள். ஆண்கள் நாலைந்து பேர் ஈரக் கயிற்றோடு பக்கத்தில் நின்றார்கள். அக்காவின் தலைமயிரில் சோளமணிகள் ஒட்டியிருந்தன. மில்லுக்காரி உட்கார்ந்து அவற்றை ஒவ்வொன்றாக எடுக்க ஆரம்பித்தாள், வேறு என்ன செய்வது என்று அவளுக்குத் தெரியவில்லை.

"முழங்கால் வலியில ஓட முடியலையா?" என்று கேட்டாள். எப்படியாவது காலின் மேல் பழியைப் போட்டுவிட வேண்டும் என்றிருந்தது அவளுக்கு.

அக்காவின் மருமகள் எதிரில் உட்கார்ந்திருந்தாள். பல் கிட்டித்துக்கொண்டு பேச்சு குழறியது.

"ஓட நேரம் இருந்துச்சு சின்னத்தை. சத்தம் தூரத்துல வர்றப்பவே எங்களுக்குக் கேட்டுச்சு. நாங்க எல்லாரும் மூட்டையைப் போட்டுட்டுத் திரும்பினோம். அத்தை மட்டும் நின்னுட்டாங்க. கையைப் புடிச்சு இழுத்தேன், உதறிட்டாங்க. 'காத்து அடிக்குதுடி, பயந்து சாகாதீங்க'ன்னாங்க. 'கரண்ட் இல்லேன்னு என் தங்கச்சி பாத்துட்டுத்தான் சொன்னா. ஊருல எவன் சொன்னாலும் நான் நம்பமாட்டேன், அவ சொன்னா நம்புவேன்'னு சொல்லிட்டு, உங்க பக்கமா நடந்தாங்க."